பின்சீட்டில் குப்புற ஒரு மாஸ்டர்

டிரைவிங் மாஸ்டருக்கு மூலம் வந்ததில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. காலையில் காரில் ஏறி உட்கார்ந்தால் சாயங்காலம்தான் இறங்குகிற பிழைப்பு. நடுவில் ஒதுங்க இடம் தேட வேண்டுமே என்று தண்ணீரும் குடிப்பதில்லை. போதாக்குறைக்கு, ஸ்டியரிங்கைப் பிடித்திருக்கிறவர் எந்த நொடியில் எந்த மின்கம்பத்தோடு உறவு கொண்டாடப் போகிறாரோ என்ற பயத்தில் இடுப்புக்குக் கீழே எல்லாவற்றையும் இறுக்கிப் பிடித்தபடியே இருப்பார். பல வருஷம் அப்படி இருந்தால் வராமல் என்ன செய்யும்? ஆச்சரியமெல்லாம் அதை அவர் மறைத்த விதத்தில்தான்.

ரத்தம் போவதைப் பார்த்து மனைவி கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனதால்தான் டாக்டரிடமே போனார். ஆபரேஷன் காதும் காதும் வைத்தமாதிரி நடந்து முடிந்தது. கற்றுக்கொள்ள வருகிறவர்களிடம், "முதுகுல ஒரு கட்டி, எடுக்கணும்" என்று சொல்லிவைத்தார். வெளியூரில் இருக்கும் மகளிடமும் அதே கட்டிதான்.

"முதுகா அது?" என்று மனைவி கேட்டாள்.

"முதுகுலேர்ந்து நேரா கீழ வந்தா அதுதானே. பொய் எங்க சொன்னேன்?"

அவர் மறைக்க விரும்பிய ஆட்களில் முதல் இடம் சம்பந்தியம்மாவுக்கு. மகளைக் கட்டிக்கொடுத்த இடம். மாப்பிள்ளையின் அம்மா. பெண்கள் பள்ளிக்கூடத்தில் விளையாட்டு டீச்சர். கழுத்தில் விசில் தொங்கும். மைதானத்தின் இந்த முனையில் நின்று பேசினால் அந்த முனையில் ஓடுகிறவள் நின்றுவிடுவாள். அந்த அம்மாளுக்கு ஒரு விஷயம் தெரிந்தால், அதை மெதுவாகச் சொல்ல அவருக்குத் தொண்டையிலேயே வழி கிடையாது.

அந்தச் சம்பந்தியம்மாதான் மாஸ்டரிடம் கார் ஓட்டக் கற்றுக்கொண்டிருந்தார். கற்றுக்கொண்டிருந்தார் என்று சொல்வது ஒரு மரியாதைக்கு. மற்ற மாணவர்களை மாஸ்டர் வறுத்து எடுத்துவிடுவார். "ஏம்ப்பா, அது பிரேக்கா, செருப்பா? மிதி!" என்பார். சம்பந்தியை அப்படிச் சொல்ல முடியுமா? பெண்ணைக் கொடுத்த இடமாயிற்றே. "சம்பந்தியம்மா, உங்களுக்குச் சிரமம் இல்லேன்னா, அந்த பிரேக்கைக் கொஞ்சம்..." என்று அவர் ஆரம்பித்து முடிப்பதற்குள் சுவர் வந்துவிடும். அப்புறம் அவரே தன் பக்கத்து இரண்டாவது பிரேக்கை மிதித்து, "பரவாயில்ல, நல்லாத்தான் ஓட்டினீங்க" என்பார். இந்த லட்சணத்தில் அந்த அம்மாள் இரண்டு முறை டெஸ்டுக்குப் போய், இரண்டு முறையும் திரும்பி வந்திருந்தார்.

ஆபரேஷன் முடிந்து வீட்டுக்குக் கிளம்பியபோது வார்டு நர்ஸ் மாஸ்டரையும் மனைவியையும் எதிரில் நிற்கவைத்துத்தான் எல்லாம் சொல்லியனுப்பினாள். மாஸ்டர் சுவரில் இருந்த மின்விசிறி சுவிட்சைப் பார்த்துக்கொண்டிருந்தார். கேட்டதெல்லாம் மனைவிதான்.

முதல் சில நாள் நன்றாகவே போயிற்று. வலி இருந்தது, ஆனால் காலையில் இருந்த வலி சாயங்காலம் கொஞ்சம் இளைத்திருந்தது. துணியில் லேசாக ரத்தம் பட்டது, மஞ்சளாகத் தண்ணீர் மாதிரி கசிந்தது. அதெல்லாம் சகஜம் என்று நர்ஸ் சொல்லியிருந்தாள். வெதுவெதுப்பான தண்ணீர் நிரப்பிய நீலநிற பிளாஸ்டிக் தொட்டியில் மாஸ்டர் ராஜா மாதிரி உட்கார்ந்து பேப்பர் படித்தார். அடுத்த வாரமே வண்டியில் ஏறிவிடலாம் என்று கணக்குப் போட்டார்.

பிறகு ஒரு காலை வலி திரும்பி வந்தது. போன விருந்தாளி பெட்டி படுக்கையோடு திரும்பி வந்த மாதிரி வந்தது. இந்த முறை அது எரியவில்லை, விண்விண்ணென்று தெறித்தது. இதயம் இடம் மாறிக் கீழே போய்த் துடிக்கிறதோ என்று அவருக்குச் சந்தேகமே வந்துவிட்டது. இருமினால் வலித்தது. தும்மல் வரும்போல் இருந்தால் மூக்கைப் பிடித்துக்கொண்டு கும்பிட்டார்.

"ஆபரேஷன்னா அப்படித்தான் இருக்கும்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு வலி மாத்திரை போட்டார். உடம்பு கொதித்தது, அந்த மாத்திரையில் கொஞ்சம் தணிந்தது. "பாத்தியா, காய்ச்சல் இல்ல" என்றார். மாத்திரையின் வேகம் இறங்கியதும் பல் தந்தி அடித்தது. கழிவறைக்குப் போகப் பயந்து சாப்பாட்டையும் குறைத்தார். கக்கூஸ் போகாமல் இருந்துவிட்டால் புண்ணுக்கு ஓய்வு கிடைக்குமாம். அது அவருடைய சொந்த வைத்தியம்.

இரண்டு நாள் கழித்து மனைவி துவைக்க எடுத்த துணியை முகர்ந்து பார்த்தாள். முகம் மாறியது.

"என்னங்க, இது நாத்தம் அடிக்குது."

"துணின்னா நாறத்தான் செய்யும்."

"இது வேற நாத்தம். மஞ்சத்தண்ணி இல்ல, கெட்டியா சீழ். திரும்புங்க."

"எதுக்கு?"

"திரும்புங்கன்னா திரும்புங்க. கல்யாணம் ஆகி பொண்ணையும் கட்டிக்குடுத்தாச்சு, இப்ப என்ன வெட்கம்?"

திரும்பினார். மனைவி பார்த்தாள். ஒரு பக்கம் சிவந்து, பளபளவென்று, ஒரு எலுமிச்சம்பழத்தைத் தோலுக்குள் ஒளித்துவைத்த மாதிரி வீங்கியிருந்தது. தொட்டால் அனல். அவள் வேறு எதுவும் பேசவில்லை. போனை எடுத்து ஆஸ்பத்திரிக்குப் போட்டாள்.

"குறைஞ்ச வலி திரும்ப ஏறியிருக்கா?" என்று நர்ஸ் கேட்டாள். "காய்ச்சல்? குளிர்? வீக்கம்? சரி, ஒண்ணுக்கு ஒழுங்கா போகுதா?"

மனைவி போனைக் கையால் பொத்திக்கொண்டு கேட்டாள். "கஷ்டப்பட்டுத்தான் போகுது" என்று மாஸ்டர் தலையணைக்குள் சொன்னார்.

"உடனே கூட்டிட்டு வாங்க. நாளைக்குன்னு தள்ளாதீங்க. வீட்ல அமுக்கிப் பாக்கறது, ஊசியால குத்தறது எதுவும் வேணாம். சாப்பாடு எதுவும் குடுக்காம கூட்டிட்டு வாங்க, ஆபரேஷன் தியேட்டருக்குப் போக வேண்டிவரலாம்."

இங்கேதான் சிக்கல். மாஸ்டர் ஆம்புலன்ஸுக்கு ஒப்புக்கொள்ளவில்லை. "சைரன் போட்டு என் மூலத்தை ஊர்வலம் விடப் போறியா?" என்றார். டாக்ஸிக்கும் ஒப்புக்கொள்ளவில்லை. அதில் நியாயம் கொஞ்சம் இருந்தது. அந்த ஊரில் ஓடும் டாக்ஸிகளில் பாதி அவர் கற்றுக்கொடுத்த கைகள் ஓட்டுபவை. எவன் வந்தாலும், "என்ன மாஸ்டர், ஏன் மாஸ்டர் குப்புறப் படுத்திருக்கீங்க?" என்று கேட்பான்.

"அப்ப செத்துப்போங்க" என்று மனைவி சொல்லிவிட்டு ஆம்புலன்ஸ் நம்பரை அழுத்தப் போனாள். அந்த நொடியில்தான் வாசலில் விசில் கேட்டது.

சம்பந்தியம்மாவுக்கு அழைப்புமணி அடிக்கிற பழக்கம் கிடையாது. இரண்டு வாரத்தில் அவருக்கு மூன்றாவது டெஸ்ட். மாஸ்டரின் முதுகு சரியாகியிருந்தால் ஒரு ரவுண்டு போய்வரலாமே என்று வந்திருந்தார்.

"சம்பந்தி! கட்டி எப்படி இருக்கு?" என்று வாசலிலிருந்தே கேட்டார். அடுத்த தெருவில் இருப்பவர்களுக்கும் கட்டியைப் பற்றிக் கவலை வந்திருக்கும்.

மாஸ்டர் மனைவியைப் பார்த்தார். சொல்லாதே என்று கண்ணால் கெஞ்சினார். மனைவி அவரைப் பார்த்தாள், வாசலில் நின்ற டிரைவிங் ஸ்கூல் வெள்ளைக் காரைப் பார்த்தாள், சம்பந்தியம்மாவின் கையில் இருந்த கற்றுக்கொள்பவர் லைசென்ஸைப் பார்த்தாள். முடிவு எடுத்துவிட்டாள்.

"சம்பந்தியம்மா, அது முதுகு இல்ல. மூலம். ஆபரேஷன் பண்ண இடத்துல சீழ் வெச்சிருச்சு. இப்பவே ஆஸ்பத்திரி போகணும்."

மாஸ்டர் போர்வையைத் தலைவரை இழுத்துக்கொண்டார். சம்பந்தியம்மா சிரிப்பார் என்று எதிர்பார்த்தார். அவர் சிரிக்கவில்லை.

"அட, இதுக்கா இத்தனை மூடுமந்திரம்? சாவி எங்க?"

இரண்டு பெண்களும் சேர்ந்து அவரைப் பின்சீட்டில் குப்புறக் கிடத்தினார்கள். தலை ஒரு கதவில் முட்டியது, முழங்கால் மடங்கிப் பாதம் இன்னொரு கதவின் கண்ணாடியில் பதிந்தது. வயிற்றுக்கடியில் ஒரு தலையணை. காய்ச்சல் நூற்றிரண்டுக்கு மேல். கண்ணுக்கு முன்னால் ரப்பர் விரிப்பும், என்றோ எவனோ தவறவிட்ட ஒரு மிட்டாய் காகிதமும். இத்தனை வருஷ டிரைவிங் ஸ்கூல் வாழ்க்கையில் தன் காரின் பின்சீட்டுத் தரையை அவர் பார்த்ததே இல்லை.

சம்பந்தியம்மா ஸ்டியரிங்கில். மாஸ்டரின் இடத்தில், அந்த இரண்டாவது பிரேக்குக்கு மேலே, மனைவி.

வண்டி கிளம்பியது. கிளம்பிய உடனே நின்றது. மனைவி பயத்தில் பிரேக்கை மிதித்துவிட்டாள். அந்தக் குலுக்கல் மாஸ்டரின் எலுமிச்சம்பழத்தில் போய் இறங்கியது. "அம்மா!" என்று அலறினார்.

"நாய் குறுக்க வந்துச்சுங்க."

"அது தெருவுக்கு அந்தப் பக்கம் படுத்திருக்கு" என்றார் சம்பந்தியம்மா.

மறுபடி கிளம்பியது. மறுபடி மிதி. "அம்மா!" மறுபடி கிளம்பியது. அடுத்த மிதியில் மாஸ்டர் தலையைத் தூக்கிக் கத்தினார்: "காலைத் தூக்கி சீட்டு மேல வெச்சுக்கோ! சம்மணம் போட்டு உக்காரு! நீ பிரேக் பக்கமே போகாதே!"

மனைவி சம்மணம் போட்டு உட்கார்ந்து, கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, கண்ணை மூடிக்கொண்டாள்.

இனி பிரேக் சம்பந்தியம்மாவின் காலில் மட்டும்தான். அந்த எண்ணம் மாஸ்டருக்கு உறைத்தபோது, பயப்படுவதற்குப் பதிலாக அவருக்குச் சிரிப்பு வந்தது. காய்ச்சலா, வலியா, என்ன என்று தெரியவில்லை, தலை பஞ்சுபோல மிதந்தது. சிரித்தால் வலித்தது, வலித்ததும் இன்னும் சிரிப்பு வந்தது.

"சம்பந்தி, அழறீங்களா?"

"இல்ல, நீங்க ரோட்டப் பாருங்க... சம்பந்தியம்மா, முன்னாடி என்ன தெரியுது?"

"ஒரு லாரி தெரியுது."

"எவ்வளவு பெரிசா தெரியுது?"

"ரொம்பப் பெரிசா."

"அப்ப பிரேக்!"

வண்டி அழகாக நின்றது. மாஸ்டருக்கு ஆச்சரியம். வெண்ணெயில் கத்தி இறங்கின மாதிரி நின்றது. படுத்தபடியே எஞ்சின் சத்தத்தை மட்டும் கேட்டு அவர் சொல்ல ஆரம்பித்தார். "எஞ்சின் உறுமுது, செகண்டுக்கு மாத்துங்க. கிளட்சை முழுசா அமுக்குங்க, பாதி அமுக்கினா பல்லு கடிக்கும். இப்ப விடுங்க, மெதுவா, மெதுவா." கண்ணால் பார்த்துச் சொன்னபோது வராத தெளிவு, பார்க்காமல் சொன்னபோது வந்தது. சம்பந்தியம்மாவும் சொன்ன சொல்லுக்குச் சொன்னபடி செய்தார்.

கடைத்தெருவில் கூட்டம். மூட்டை தூக்குகிறவர்கள், தள்ளுவண்டிகள், நடுரோட்டில் நின்று பேசுகிறவர்கள். சம்பந்தியம்மாவுக்கு ஹாரன் எங்கே இருக்கிறது என்பது அவசரத்தில் மறந்துபோயிற்று. ஜன்னலை இறக்கி, கழுத்திலிருந்த விசிலை வாயில் வைத்து ஊதினார். பள்ளிக்கூட மைதானத்தை நிறுத்திய விசில் அது. கடைத்தெருவே நின்றது. கடைக்காரர்கள், தள்ளுவண்டிக்காரர்கள், ஒரு டிராஃபிக் போலீஸ்காரர் உட்பட எல்லோரும் ஓரமாக ஒதுங்கினார்கள். வெள்ளைக் கார் நடுவில் ராஜபாட்டையில் போவது மாதிரி போயிற்று. பின்சீட்டுக் கண்ணாடியில் பதிந்திருந்த இரண்டு உள்ளங்கால்களைப் பார்த்து, ஏதோ பெரிய விபத்து என்று சிலர் கும்பிட்டார்கள்.

கடைசியாக வந்தது ஆஸ்பத்திரி மேடு. வாசலுக்கு முன்னால் செங்குத்தான சரிவு. அதன் நடுவில் கேட், கேட்டுக்கு முன்னால் வரிசை. அதாவது, ஏற்றத்தில் நிறுத்தி, ஏற்றத்திலேயே கிளப்ப வேண்டும். சம்பந்தியம்மா இரண்டு டெஸ்டிலும் தோற்றது இதில்தான்.

வரிசை நகர்ந்தது. சம்பந்தியம்மா பிரேக்கை விட்டார். வண்டி பின்னால் உருள ஆரம்பித்தது.

"பின்னாடி ஒரு வேன் நிக்குதுங்க!" என்று மனைவி கண்ணைத் திறந்து அலறினாள். சம்மணத்தைக் கலைத்துக் காலைக் கீழே விடப் போனாள்.

"விடாதே காலை!" மாஸ்டர் முழங்கையை ஊன்றி எழும்பினார். முகம் சிவந்து, தலைமுடி சிலிர்த்து, சம்பந்தி மரியாதை, பெண் கொடுத்த இடம் எல்லாம் மறந்துபோய், கடைசி பெஞ்சு மாணவனைப் பார்த்துக் கத்துகிற அதே குரலில் கத்தினார்: "ஹாண்ட் பிரேக்கை இழு! இழு சொல்றேன்! கிளட்சைப் பாதி விடு. நடுங்குதா? நடுங்குதுல்ல? இப்ப ஆக்சிலேட்டர் குடு! இன்னும் குடு! ஹாண்ட் பிரேக்கை எறக்கு! போ!"

வண்டி ஒருமுறை சிலிர்த்தது. பிறகு ஏறியது. ஒரு குலுக்கல் இல்லை. கேட்டைத் தாண்டி, வளைந்து, அவசர சிகிச்சை வாசலில் போய் நின்றது.

சம்பந்தியம்மாவை, மாப்பிள்ளையைப் பெற்றவரை, 'இழு', 'குடு', 'போ' என்று சொல்லிவிட்டோம் என்பது மாஸ்டருக்கு அப்போதுதான் உறைத்தது.

"சம்பந்தியம்மா... காய்ச்சல்ல வாய் தவறிடுச்சு... மன்னிச்சுக்கணும்..."

சம்பந்தியம்மா திரும்பிப் பார்த்தார். முகமெல்லாம் வேர்த்திருந்தது, கண்ணெல்லாம் சிரிப்பு.

"ஏன் சம்பந்தி, இதை முதல் நாளே இப்படிச் சொல்லியிருந்தா நான் எப்பவோ லைசென்ஸ் வாங்கியிருப்பேனே! 'சிரமம் இல்லேன்னா, சிரமம் இல்லேன்னா'ன்னு நீங்க இழுக்கறதுக்குள்ள எனக்குத் தூக்கமே வந்துரும்."

உள்ளே வரவேற்பு மேசையில் ஒரு பெண் தாழ்ந்த குரலில், "என்ன பிரச்சினை சார்?" என்று கேட்டாள். மாஸ்டர் மேசையில் முழங்கையை ஊன்றிக் குனிந்து, இன்னும் தாழ்ந்த குரலில், "பின்னாடி... கொஞ்சம்..." என்று ஆரம்பித்தார்.

"மூலம் ஆபரேஷன் பண்ண இடத்துல சீழ் பிடிச்சிருக்கு!" என்றார் சம்பந்தியம்மா. "காய்ச்சல், குளிர், வீக்கம், எல்லாம் இருக்கு. சீக்கிரம் பாருங்க!"

காத்திருந்தவர்கள் எல்லோரும் நிமிர்ந்தார்கள். மாஸ்டருக்குத் தரை பிளந்து உள்ளே போய்விடலாம் போல இருந்தது. ஒரு மூலையில், நாற்காலிகள் காலியாக இருந்தும் சுவரைப் பிடித்து நின்றுகொண்டிருந்த ஒரு தடித்த மனிதர் மெல்ல வாயைத் திறந்தார்.

"எனக்கும் அதே ஆபரேஷன்தாங்க. போன மாசம்."

"எனக்கு அடுத்த வாரம்" என்றாள் ஒரு இளம்பெண். "ரொம்ப வலிக்குமா?"

"எங்க வீட்டுக்காரருக்கு ரெண்டு தடவை" என்றார் இன்னொரு அம்மாள், பக்கத்தில் இருந்தவரைக் காட்டி. அவர் கையைத் தூக்கி ஒரு வணக்கம் போட்டார்.

மாஸ்டருக்கு மறுபடி அந்தப் பஞ்சுச் சிரிப்பு வந்தது. இத்தனை நாள் ஊரில் தனக்கு மட்டும்தான் அந்தப் பாகம் இருக்கிறது என்கிற மாதிரி அல்லவா மறைத்துக்கொண்டு திரிந்தோம் என்று தோன்றியது. மேசையைப் பிடித்துக்கொண்டு, "ஐயோ, சிரிக்க வைக்காதீங்க, தெறிக்குது" என்று கெஞ்சினார். அதைக் கேட்டு எல்லோரும் சிரித்தார்கள்.

டாக்டர் சிரிக்கவில்லை. பார்த்தார், தொட்டார், மாஸ்டர் கூரையைத் தொட்டுவிட்டு வந்தார்.

"வலி எப்ப திரும்ப ஆரம்பிச்சுது?"

"முந்தாநாள் காலைல."

"முந்தாநாளே ஏன் வரல?"

மாஸ்டர் சுவரில் சுவிட்சைத் தேடினார். மனைவி சொன்னாள்: "காய்ச்சலே இல்லன்னார் டாக்டர். மாத்திரை போட்டுட்டு."

"மாத்திரை காய்ச்சலை மூடி வெச்சிருக்கு, அவ்வளவுதான்." டாக்டர் கையுறையைக் கழற்றினார். "வலி நாளுக்கு நாள் இறங்கணும். இறங்கின வலி திரும்ப ஏறினா, அதுவும் காய்ச்சலோட ஏறினா, அது புண் ஆறுற வலி இல்ல. உள்ள சீழ் கட்டியிருக்கு. வெட்டி வடிச்சாத்தான் இறங்கும், மாத்திரையால மட்டும் போகாது. இன்னும் ரெண்டு நாள் வெட்கப்பட்டிருந்தீங்கன்னா, ரத்தத்துல ஏறியிருக்கும். அப்புறம் வெட்கப்படறதுக்கு ஆள் இருந்திருக்க மாட்டீங்க."

அந்தக் கடைசி வாக்கியத்தில் மனைவி மாஸ்டரின் கையைப் பிடித்தாள்.

கையில் ஊசி ஏற்றி மருந்து விட்டார்கள். தியேட்டரில் மயக்க மருந்து டாக்டர் முகமூடியை எடுத்தபோது, மாஸ்டர் அவர் கையைத் தொட்டு, "ஐயா, மெதுவா. கிளட்சை ஒரேயடியா விட்டுறாதீங்க" என்றார். அதற்கு என்ன பதில் வந்தது என்று அவருக்குத் தெரியாது.

கண் விழித்தபோது முதலில் தெரிந்தது, இல்லாததுதான். விண்விண்ணென்ற அந்தத் தெறிப்பு இல்லை. வெட்டின இடம் எரிந்தது, சொல்லப்போனால் நன்றாகவே எரிந்தது. ஆனால் அந்த எலுமிச்சம்பழம் போய்விட்டிருந்தது. உடம்பே ஒரு காலி வீடு மாதிரி லேசாக, காற்றோட்டமாக இருந்தது. யாராவது விட்டால் மிதந்து ஜன்னல் வழியாக வெளியே போய்விடலாம்போல் தோன்றியது.

"எப்படி இருக்கு சம்பந்தி?"

"பறக்கற மாதிரி இருக்கு சம்பந்தியம்மா" என்றார். பக்கத்துக் கட்டிலில் இருந்தவரிடமும் சொன்னார். ரத்த அழுத்தம் பார்க்க வந்த நர்ஸிடமும் சொன்னார். தரை துடைக்க வந்த அம்மாவை நிறுத்தி அவரிடமும் சொன்னார். "சீழ் வெச்சிருச்சும்மா, வெட்டி எடுத்துட்டாங்க, மூலத்துல!" இத்தனை நாள் பூட்டிவைத்த வாய் அன்றைக்குத் திறந்தது, மூட ஆளில்லை. மகளுக்குப் போன் போட்டு அவரே சொன்னார். மகள் கொஞ்சம் அழுதாள், கொஞ்சம் திட்டினாள், சம்பந்தியம்மா கடைத்தெருவில் விசில் ஊதிய கதையைக் கேட்டதும் போனைக் கீழே போட்டுவிட்டுச் சிரித்தாள்.

வீட்டுக்கு வந்தபிறகு சம்பந்தியம்மா பயிற்சியாளர் வேலையை எடுத்துக்கொண்டார். பள்ளிக்கூடம் முடிந்ததும் நேராக வந்துவிடுவார். கழிவறை போய்வந்ததும் வெதுவெதுப்பான தண்ணீர்த் தொட்டி. தேய்க்காமல் ஒற்றி எடுக்க மெத்தென்ற துணி. காற்றுப் போகப் புதுத் துணி வைத்துக் கட்டுவது மனைவியின் பொறுப்பு. பழமும் கீரையும் தட்டு நிறைய. தண்ணீர் தம்ளர் தம்ளராக. காய்ச்சல் போய்விட்டதே என்று மாஸ்டர் பாதியில் மருந்தை நிறுத்தப் பார்த்தபோது சம்பந்தியம்மா விசிலை எடுத்தார். மாஸ்டர் மாத்திரையை எடுத்தார்.

"சம்பந்தி, ஒரு நிமிஷம். தண்ணி குடிச்சீங்களா?"

"குடிச்சேன்."

"எங்க, தம்ளரைத் தலைகீழா காட்டுங்க."

மாஸ்டரும் சும்மா இருக்கவில்லை. கட்டிலில் ஒருக்களித்துப் படுத்தபடி, இரண்டு தலையணையைக் கிளட்ச், பிரேக் என்று தரையில் போட்டு, நாற்காலியில் சம்பந்தியம்மாவை உட்காரவைத்துப் பாடம் எடுத்தார். "மிதி! ஏன் தடவிக் குடுக்கறே, அது என்ன பூனையா?" என்று கத்துவார். வகுப்பு முடிந்ததும், "சம்பந்தியம்மா, காபி சாப்பிட்டுத்தான் போகணும்" என்று பன்மைக்குத் திரும்பிவிடுவார். இந்த ஏற்பாடு இருவருக்கும் பிடித்திருந்தது.

மூன்றாவது டெஸ்டில் சம்பந்தியம்மா தேறிவிட்டார். ஏற்றத்தில் வண்டியை நிறுத்திக் கிளப்பியதைப் பார்த்து, "யாரும்மா உங்களுக்குக் கத்துக்குடுத்தது?" என்று அதிகாரி கேட்டாராம். "எங்க சம்பந்தி, குப்புறப் படுத்துக்கிட்டு" என்று இவர் சொன்னாராம். அதிகாரி மேற்கொண்டு கேட்கவில்லை.

அதற்குச் சில நாள் கழித்து மாப்பிள்ளை போன் செய்தார். மாமியாரிடம் பேசவில்லை, அம்மாவிடம் பேசவில்லை, மாஸ்டரிடம் தனியாகப் பேச வேண்டும் என்றார். பேச்சு வானிலையில் ஆரம்பித்து, ஆபீசுக்கு நகர்ந்து, நாற்காலியில் வந்து நின்றது.

"மாமா... உங்களுக்கு முதல்ல எப்படி ஆரம்பிச்சுது?"

மாஸ்டருக்குப் புரிந்துவிட்டது. சிரிப்பை அடக்கிக்கொண்டார். "ரத்தம் போகுதா மாப்பிள்ளை?"

"அப்பப்ப."

"எவ்வளவு நாளா?"

"ஒரு வருஷமா மாமா. உங்க பொண்ணுகிட்ட முதுகுவலின்னு சொல்லிவெச்சிருக்கேன்."

"அட, நீங்களும் முதுகா!" மாஸ்டர் போனைக் காதிலிருந்து எடுத்து நெஞ்சில் வைத்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். வலிக்கவில்லை. அதை அப்போதுதான் கவனித்தார். மறுபடி ஒருமுறை சிரித்துப் பார்த்தார். துளிகூட வலிக்கவில்லை. "மாப்பிள்ளை, ரத்தம் எதனால வருதுன்னு டாக்டர்தான் பாத்துச் சொல்லணும், நீங்களும் நானும் முடிவு பண்ணக் கூடாது. சனிக்கிழமை எனக்குக் கடைசி செக்கப். நீங்களும் வந்துருங்க, ஒண்ணாவே போவோம்."

"அம்மாவுக்குத் தெரிய வேணாம் மாமா. ஊருக்கே தெரிஞ்சுரும்."

"அம்மாதான் மாப்பிள்ளை வண்டி ஓட்டப் போறாங்க."

போனின் அந்தப் பக்கம் ஒரு முனகல் கேட்டது. பிறகு மாப்பிள்ளையும் சிரிக்க ஆரம்பித்தார், முதலில் மூக்கால், அப்புறம் வாய்விட்டு.

சனிக்கிழமை காலை மாப்பிள்ளை வந்து இறங்கினார். மகளும் கூடவே வந்துவிட்டாள், அவளிடம் உண்மையைச் சொல்லாமல் கிளம்ப முடிந்திருக்கவில்லை. சம்பந்தியம்மா தன் மகனைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தார். தெருவே கேட்கப்போகிறது என்று எல்லோரும் காதைப் பொத்தத் தயாரானார்கள். அவர் மகனின் தோளில் கையைப் போட்டு, யாரும் அதுவரை கேட்டிராத ஒரு மெல்லிய குரலில், "ஏண்டா, என்கிட்ட சொல்றதுக்கு என்ன?" என்றார். மாப்பிள்ளைக்குக் கண் கலங்கிவிட்டது.

பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு வழக்கமான குரலுக்கு வந்தார். "சரி, ஏறுங்க எல்லாரும்! நேரமாச்சு!"

மனைவி முன்னால் ஏறினாள். காலைச் சம்மணம் போடாமல் தொங்கவிட்டுக்கொண்டாள். பின்சீட்டில் மகள் ஒரு பக்கம், மாப்பிள்ளை நடுவில். மாஸ்டர் கதவைப் பிடித்துக்கொண்டு ஒரு கணம் யோசித்தார். மெல்ல ஒரு பக்கத்தை வைத்தார். அப்புறம் இன்னொரு பக்கத்தையும் வைத்தார். உட்கார்ந்துவிட்டார். நேராக, சாதாரணமாக, எல்லா மனிதர்களையும்போல.

"என்னங்க, சரியா இருக்கா?" என்று மனைவி திரும்பிக் கேட்டாள்.

"அமோகமா இருக்கு" என்றார் மாஸ்டர். வண்டி கிளம்பி, பள்ளத்தில் ஒருமுறை தூக்கிப் போட்டது. காரில் இருந்த எல்லோரும் அவர் முகத்தைப் பார்த்தார்கள். "இன்னொரு பள்ளம் இருந்தா அதுலயும் விடுங்க சம்பந்தியம்மா!" என்றார்.